நைனாவைத் தூளியில் கொண்டுவந்தது

அன்றைக்கு அந்தக் கரி பஸ்ஸில் இருந்தவர்கள் இவ்வளவு பேர்தான். டிரைவர். கண்டக்டர், வண்டிக்குப் பின்னால் இருந்த கரி அடுப்புக்கு விசிறி சுற்றுவதும் அவர் வேலை. என் அப்பா, நைனா. நான். துணி மூட்டையோடு பாய் ஒருவர், சந்தை வியாபாரி. மேல்மலையனூருக்கு அமாவாசைக்குப் போகிற பெண்கள் நான்கு பேர், ஒரே தெருக்காரர்கள். தளவானூர்க்காரர்களான ஓர் அண்ணனும் தம்பியும். நேர்த்திக்கடனுக்கென்று திண்டிவனம் சந்தையில் வாங்கிய ஒரு கிடாய் அவர்களோடு இருந்தது. கைக்குழந்தைக்காரி ஒருத்தி, குழந்தை தூளியில். ஆட்டையும் சேர்த்துப் பதினான்கு உயிர். பஸ் புறப்படுவதற்கு முன்பே எண்ணிவிட்டேன். வண்டி சாய்ந்தால் யார் யார் நைனா மேல் விழுவார்கள் என்று தெரிந்துகொள்ள எண்ணினேன்.

உலகச் சண்டைக் காலம் அது. பெட்ரோல் கிடைக்காததால் பஸ்ஸின் முதுகில் ஆள் உயரத்துக்கு ஓர் இரும்பு அடுப்பைக் கட்டி, அதில் கரியைப் போட்டு, அந்தப் புகையிலேயே வண்டியை ஓட்டினார்கள். புகை என்று நான் சொன்னால் கண்டக்டருக்குக் கோபம் வரும். காஸ் என்று சொல்ல வேண்டும். சமதரையில் நன்றாகத்தான் ஓடும். மேடு வந்தால் இழுப்புக்காரனைப் போல மூச்சு வாங்கும். ஜனங்கள் இறங்கித் தள்ளுவது டிக்கெட்டோடு சேர்ந்தது என்று பேசிக்கொள்வார்கள்.

நைனாவுக்கு இடது கண் முன்பே போய்விட்டது. களத்தில் கதிர் அடிக்கும்போது வைக்கோல் தும்பு குத்தி, அதை நாலு நாள் கசக்கிக்கொண்டே இருந்து, வீணாக்கிக்கொண்டார். மிச்சம் இருந்த வலது கண்ணில் புரை வந்தது. கொல்லையில் வரப்பு எது வாய்க்கால் எது என்று தெரியாமல் காலால் தடவி நடக்கத் தொடங்கியபோதுதான் திண்டிவனம் ஆஸ்பத்திரிக்கு அழைத்துப் போனேன். அம்மா இல்லை. அம்மா இறந்த வருஷமே நான் அஞ்சாம் வகுப்போடு நின்று அடுப்பைப் பார்க்க வந்துவிட்டேன். அப்புறம் வீட்டில் எல்லாவற்றுக்கும் நான்தான்.

ஆபரேஷன் முடிந்து நைனா தலைக்கு இரண்டு பக்கமும் மணல் மூட்டை வைத்து, அவரை மரக்கட்டையைப் போல மல்லாக்கப் படுக்க வைத்திருந்தார்கள். இருக்க வேண்டிய நாள் முடிந்ததும் டாக்டர் என்னைக் கூப்பிட்டார்.

"உள்ள தையல் போடலம்மா. அது தானாத்தான் ஒட்டணும். வீட்டுக்குப் போயி கட்டு அவுக்கற வரைக்கும் தலை அதிரக்கூடாது. குனியக்கூடாது. இருமக்கூடாது. மேடு ஏறி மூச்சு வாங்கக்கூடாது. வெடுக்குனு ஒரு குலுக்கு பட்டாலும் போச்சு."

"தும்மினா?"

"தும்மவும் கூடாது."

"தும்மல் வந்தா இன்னாங்க பண்றது?"

டாக்டர் அடுத்த கட்டிலுக்குப் போய்விட்டார்.

மாட்டு வண்டியில் போனால் கல் ரோடு. ஒவ்வொரு கல்லும் தலைக்குத்தான் வரும். எங்கள் ஊரான செஞ்சிக்கு ரயில் கிடையாது. நாற்காலியில் உட்கார வைத்துத் தூக்கிப் போக அவ்வளவு தூரத்துக்கு ஆள் யார் வருவார்கள்? பஸ்தான் என்று முடிவு செய்தேன்.

அந்த பஸ்ஸில் நடுவில் வழி விட்டு, இரண்டு பக்கமும் நீளப் பலகைகள் போட்டிருந்தார்கள். ஏறும் வழி பின்னால். பின் சக்கரத்துக்கு மேல் உட்கார்ந்தால் தூக்கிப் போடும் என்று எனக்குத் தெரியும். அதனால் நைனாவை முன்னால் கொண்டுபோய், டிரைவருக்கு நேர் பின்னே, பலகையின் முதல் இடத்தில் உட்கார வைத்தேன். அங்கே கூரையைத் தாங்கும் ஓர் இரும்புத் தூண் இருந்தது. அதோடு அவர் மாரையும் இடுப்பையும் சேர்த்துத் துண்டால் இறுக்கிக் கட்டினேன்.

"திருடனக் கட்டற மாதிரி கட்டறியேம்மா," என்றார் நைனா. கண்கட்டுக்குக் கீழே சிரித்தார்.

"ஆடாம இருக்கணும் இல்ல."

"இனிமே நான் ஆடி இன்னாத்துக்கு ஆவப்போவுது."

நைனாவை அடுத்து பாய் உட்கார்ந்திருந்தார். பாயை அடுத்து வரிசையாக அந்த நான்கு பெண்கள். எதிர்ப் பலகையில் நைனாவுக்கு முழங்காலோடு முழங்காலாக நான். எனக்குப் பக்கத்தில் குழந்தைக்காரி. வாசல் பக்கம் அண்ணன் தம்பியும் கிடாயும். குழந்தையின் தூளியைக் கூரைக் கம்பியில் கட்டி நடுவழியில் தொங்கவிட்டிருந்தார்கள். வருகிறவர் போகிறவர் எல்லாரும் அதை ஒருமுறை தொட்டு ஆட்டிவிட்டுத்தான் உட்கார்ந்தார்கள்.

ஊர் எல்லை தாண்டி வண்டி நல்ல ஓட்டத்தில் போய்க்கொண்டிருந்தபோது ஓர் எருமை ரோட்டுக்கு வந்து நின்றது. டிரைவர் பிரேக்கை மிதித்தார்.

ஓடுகிற பஸ்ஸில் நாம் சும்மா உட்கார்ந்திருப்பதாகத்தான் நினைத்துக்கொள்கிறோம். பஸ் நின்றால்தான் தெரிகிறது, நாமும் இத்தனை நேரம் அதோடு ஓடிக்கொண்டிருந்தோம் என்று. பஸ் நின்றது, பலகையில் இருந்தவர்கள் நிற்கவில்லை. கடைசிப் பெண் மூன்றாவது பெண்ணின் மேலும், அந்த இரண்டு பேரும் அடுத்தவள் மேலும் சரிந்து, நாலு பேருடைய பாரமும் ஒன்றாகச் சேர்ந்து பாய் மேல் வந்தது. முன்னால் உட்கார வைத்தால் நல்லது என்று நினைத்தேனே, முன்னால் இருக்கிறவன் மேல்தான் பின்னால் இருக்கிற எல்லாரும் வந்து சேர்வார்கள் என்பது எனக்குத் தோன்றவே இல்லை. பாய் மட்டும் எதிர்ப் பலகையில் காலை உதைத்துக்கொண்டு, துணி மூட்டையைத் தனக்கும் நைனாவுக்கும் நடுவில் செருகியிருக்காவிட்டால் அத்தனையும் நைனா மேல் வந்திருக்கும்.

"யம்மா, நீங்க நாலு பேரும் மலையனூருக்கு நடந்தே போவலாம்," என்றார் பாய் முழங்காலைத் தேய்த்துக்கொண்டு. "பஸ்ஸ நீங்களே தள்ளிக்கினு போயிடுவீங்க போல இருக்குது."

"நாங்க ஒண்ணும் வேணும்னு வந்து விழல பாய். பஸ்ஸு தள்ளுது," என்றாள் அவர்களில் மூத்தவள்.

நான் நைனாவையே பார்த்துக்கொண்டிருந்தேன். அவர் உடம்பு அசையவில்லை. தலை மட்டும் முன்னால் போய்த் திரும்பி வந்தது. துண்டால் நான் கட்டாத இடம் அது ஒன்றுதான். அப்போதாவது எனக்குப் புரிந்திருக்க வேண்டும். அதற்குப் பதிலாகத் துண்டை இன்னும் கொஞ்சம் இறுக்கினேன்.

பிறகு டிரைவரிடம் போய் நின்றேன்.

"அண்ணா, கொஞ்சம் மெதுவா போவணும்ணா."

"மெதுவாத்தான் தங்கச்சி போறேன். இந்த வண்டி வேகமா போனத நீ எங்க பாத்த?"

"முன்னால ஒரு ஓடை வருமே. அங்க பள்ளத்துல எறங்கும்போது மட்டும் ரொம்ப மெதுவா எறங்குங்கண்ணா."

அவர் தலையை ஆட்டினார். "அங்கதான் தங்கச்சி முடியாது. கரி வண்டிக்கு மேடு ஏற சொந்த பலம் கெடையாது. பள்ளத்துல வேகமா எறங்கினா அந்த வேகமே எதிர் மேட்டுல ஏத்தி வுட்டுடும். மெதுவா எறங்கினா நடுவுல குந்திக்கும்."

"ஒத்தக் கண்ணுண்ணா. இதுவும் போச்சுன்னா…"

டிரைவர் கண்ணாடியில் நைனாவைப் பார்த்தார். வெள்ளைக் கட்டோடு, தூணில் கட்டுண்டு, எங்கே பார்ப்பது என்று தெரியாமல் நேராக உட்கார்ந்திருந்தார் நைனா. ஓடை வந்தபோது டிரைவர் காலைத் தளர்த்திக்கொண்டார்.

எவ்வளவு மெதுவாக இறங்கினோம் என்றால், கிடாய் கூட நின்றபடியே வேடிக்கை பார்த்தது. முழங்கால் தண்ணீரில் முன் சக்கரம் இறங்கியதே தெரியவில்லை. என் மனசு குளிர்ந்துவிட்டது. எதிர் மேட்டில் ஏறத் தொடங்கியது. பாதி மேட்டில் பஸ் இருமியது. இன்னும் ஓர் ஆள் நீளம் ஊர்ந்தது. நின்றது. நின்ற இடத்தில் ஒரு நொடி யோசித்தது போல இருந்துவிட்டுப் பின்பக்கமாக உருளத் தொடங்கியது.

கண்டக்டர் குதித்து, கையில் இருந்த முட்டுக்கட்டையைப் பின் சக்கரத்துக்கு அடியில் எறிந்தார். முதலில் அது நழுவியது. இரண்டாவது முறை தண்ணீருக்குள் வந்த பிறகுதான் பிடித்தது. டொக்கென்று வண்டி நின்றபோது நாங்கள் எல்லாரும் இந்த முறை வாசல் பக்கம் போய் விழுந்தோம். நைனா மட்டும் விழவில்லை. தூணோடு இருந்தார். தலை மட்டும் ஒருபக்கமாக வெட்டி இழுத்தது.

"நைனா. இன்னா ஆச்சு?"

"ஒண்ணும் இல்ல." கொஞ்ச நேரம் கழித்து மெதுவாகச் சொன்னார்: "உள்ள பளிச்சுனு ஒரு வெளிச்சம் வந்துட்டுப் போச்சு."

நல்லதா கெட்டதா என்று கேட்க அங்கே டாக்டர் இல்லை. நான் துண்டை அவிழ்த்தேன். முடிச்சு வராமல் பல்லால் கடித்து இழுத்தேன்.

வெளியே பேச்சு நடந்தது. வண்டியைத் திரும்பப் பழைய கரை உச்சி வரைக்கும் பின்னாலேயே, ரிவர்ஸில் இழுப்பு அதிகம் என்பதால், மெல்ல ஏற்றிக்கொண்டு போய், கரியை நன்றாக ஊதவிட்டு, அங்கிருந்து ஒரே ஓட்டமாக வந்தால்தான் இந்த மேடு ஏறும் என்றார் டிரைவர். வேறு வழி இல்லை. பஸ் காலியாக இருந்தால் நல்லது. எல்லாரும் இறங்கி எதிர்க் கரைக்குப் போய்விட வேண்டும்.

"பெரியவர நான் உப்பு மூட்ட தூக்கிக்கினு அக்கரைல வுட்டுடறேன்," என்றான் தம்பி. நல்ல வாட்டசாட்டமான ஆள். அவன் சொல்லி வாயை மூடவில்லை, கிடாயைத் தோளில் போட்டுக்கொண்டு தண்ணீரில் இறங்கிய அண்ணன் பாசிக் கல்லில் வழுக்கி உட்கார்ந்துவிட்டான். கிடாய் அவன் தலைக்கு மேல் ஏறி நின்றது. நான்கு பெண்களும் சிரித்த சிரிப்பைக் கேட்டு நைனா என்னவென்று விசாரித்தார். சொன்னேன்.

"ஆட்டையே தூக்க முடியல. என்னைத் தூக்கறாங்களாம்," என்றார்.

எனக்குச் சிரிப்பு வரவில்லை. இந்தத் தண்ணீரில் யாரை நம்பி இறக்குவது? இறக்காவிட்டால், அந்த ஓட்டத்தில் எப்படி உட்கார வைப்பது? மெதுவாகப் போகச் சொன்னதும் நான்தான். பலகையில் உட்கார்ந்து எதிரே பார்த்தேன். குழந்தை தூங்கிக்கொண்டிருந்தது. அத்தனை பேரும் உருண்டு புரண்ட அந்த இடியில் அது முகத்தைக்கூடச் சுளிக்கவில்லை. எருமைக்கு நின்றபோதும் அது விழிக்கவில்லை என்று அப்போதுதான் நினைவுக்கு வந்தது. பஸ் நின்று இவ்வளவு நேரம் ஆகியும் தூளி இன்னும் மெல்ல ஆடிக்கொண்டிருந்தது, பஸ் நின்ற சேதி அதற்கு இன்னும் போய்ச் சேராதது போல.

இதற்கெல்லாம் பெரிய வகுப்புப் புத்தகத்தில் ஏதாவது பேர் இருக்கும். எனக்குத் தெரியாது. எனக்குத் தெரிந்தது இவ்வளவுதான்: பஸ்ஸோடு சேர்த்துக் கட்டினால் பஸ் படுகிற அடியெல்லாம் நைனாவுக்கும். தூளியில் இருக்கிறவருக்கு அந்த அடி வந்து சேர்வதற்குள் அது ஓர் ஆட்டமாக மாறிவிடும்.

"நைனாவைத் தூளில போட்டா இன்னா?" என்று வாய்விட்டுக் கேட்டுவிட்டேன்.

வாசலில் நின்றவர்கள் எல்லாரும் சிரித்தார்கள். குழந்தைக்காரி மட்டும் சிரிக்கவில்லை. என்னைவிடச் சின்னவள். அண்ணாந்து கூரைக் கம்பியைப் பார்த்தாள். கையை உயர்த்தி அதில் தொங்கிப் பார்த்தாள்.

"கம்பி தாங்கும்க்கா. எம் பொடவ தாங்காது. நைஞ்சி போனது."

எல்லாருடைய புடவையும் அப்படித்தான் இருந்தது. துணிக்குக் கண்ட்ரோல் இருந்த காலம், அளந்துதான் கொடுப்பார்கள். கிழிந்ததைத் தைத்துத் தைத்து உடுத்தினோம். யாரும் பாயைப் பார்க்கவில்லை. பார்க்காமல் இருப்பதற்காகவே எல்லாரும் வேறு பக்கம் திரும்பிக்கொண்டது பாய்க்கும் தெரிந்திருக்கும். மூட்டையின் முடிச்சைத் தானே அவிழ்த்தார். வெட்டாத ஒரு காடாத் துணி பீஸை எடுத்து, மோந்து பார்த்து, நீளமாக உதறினார்.

"சந்தைக்கு வெச்சிருந்தேன்," என்றார்.

துணியை நாலாக மடித்து இரண்டு பக்கக் கம்பிகளிலும் கட்டினார். மூட்டை கட்டியே பழகிய கை. எனக்கு நம்பிக்கை வரவில்லை. யாராவது ஏறிப் பார்த்தால் தேவலை என்றேன். தம்பியைப் பிடித்துப் போட்டார்கள்.

"டேய், நம்ம அம்மாவுக்கப்புறம் இன்னிக்கித்தான்டா ஒன்ன யாராவது தூளில போடறாங்க," என்றான் அண்ணன், ஈரத் துணியைப் பிழிந்துகொண்டே. "தூங்கிடாத."

துணி தாங்கியது. நைனாதான் மறுத்தார்.

"நான் வரலம்மா. நரைச்ச தாடிய வெச்சிக்கினு தூளில தொங்கினா ஊரு சிரிக்காதா?"

"சிரிக்கறவங்க யாருன்னு பாக்கறதுக்குக் கண்ணு வேணுமில்ல பெரியவரே," என்றாள் நான்கு பேரில் மூத்தவள்.

நைனா காலைத் தூக்கினார். பாயும் தம்பியும் ஏந்தி உள்ளே வைத்தார்கள். துணி அவரை இரண்டு பக்கமும் மூடிக்கொண்டது. மூக்கு மட்டும் தெரிந்தது. கழனியில் ஏர் பிடித்த மனிதர் அதற்குள் இவ்வளவு சின்னதாக இருப்பார் என்று நான் நினைக்கவில்லை.

குழந்தையை அந்தப் பெண்களிடம் கொடுத்துவிட்டு, அதன் தாய் எங்களோடு வண்டியிலேயே இருந்துகொண்டாள். பாய் ஒருபக்கம், அவள் ஒருபக்கம், தலைமாட்டில் நான். வண்டி பின்னால் ஏறத் தொடங்கியது. தூளி ஆடியதும் பாயும் நானும் பயத்தில் அதை இறுக்கிப் பிடித்து நிறுத்தினோம். நிறுத்திய கையில் நைனாவின் பாரம் முழுக்க வந்து இடித்தது. அவர் முனகினார்.

"அப்பிடிப் புடிச்சி நிறுத்தாதீங்க," என்றாள் அவள். "அது எந்தப் பக்கம் போவுதோ கூடவே போங்க. போயி, கொஞ்சங் கொஞ்சமா கையத் தளர்த்துங்க. கொழந்தைய அப்பிடித்தான் நிறுத்துவோம். பட்டுனு புடிச்சா வீறுனு அழும்."

"இவரும் அழுவாரா?" என்றார் பாய்.

"நான் அழமாட்டேன்," என்றது தூளிக்குள்ளிருந்து ஒரு குரல். "நீங்க கைய எடுங்க மொதல்ல."

கரை உச்சிக்குப் போய்ச் சேரும்வரை அதைப் பழகிக்கொண்டோம். இரண்டடி கூடப் போவது, மூன்றாவது அடியில் கனத்தைக் கொஞ்சம் வாங்கிக்கொள்வது, திரும்பி வரும்போது வழிவிடுவது. கண்டக்டர் விசிறியைச் சுற்றிச் சுற்றி வியர்த்துப் போனார். அடுப்பு உறுமியது. எதிர்க் கரையில் அண்ணனும் தம்பியும் பெண்களும் நின்றுகொண்டு கத்தியது கேட்டது. வண்டி சோர்ந்து போகிற இடத்தில் தோள் கொடுக்கிறேன் என்று அண்ணன் நடு மேட்டில் கல்லைப் போல நின்றிருந்தான்.

"நின்னுக்கினு இருந்தா ஒன்னால தொடக்கூட முடியாதுடா," என்று டிரைவர் இங்கிருந்தே குரல் கொடுத்தார். "வண்டி வர்றப்ப நீயும் கூட ஓடணும். ஓடிக்கினே தள்ளணும்."

பிறகு என்னைத் திரும்பிப் பார்த்தார். "தங்கச்சி, இந்தத் தடவ மெதுவா போவச் சொல்லாத."

"சொல்லமாட்டேண்ணா. போங்க."

சொல்லிவிட்டேன். வண்டி சரிவில் விழுந்தது. தூளி பின்னால் தங்கியது. நாங்கள் மூவரும் அதோடு பின்னால் நடந்தோம். பலகைகள் படபடத்தன. கதவு அடித்துக்கொண்டது. தண்ணீரில் மோதியபோது அது இரண்டு பக்கமும் சுவரைப் போல எழுந்து உள்ளே கொட்டியது. அந்த மோதலில் தூளி முன்னால் பாய்ந்தது. நான் நைனா தலையை இரண்டு உள்ளங்கையிலும் ஏந்தியபடி கூடவே ஓடினேன். ஒரு காலில் செருப்பு இல்லை. டிரைவர் முதுகில் போய் இடிப்பதற்கு முன்னால் பாயும் அவளும் பாரத்தை வாங்கிக்கொண்டார்கள். தூளி திரும்பியது. நானும் திரும்பினேன். அந்த நேரத்தில் என் கையில் தலை கனக்கவே இல்லை. கூடப் போகும்போது கனம் இல்லை.

மேடு. ஓட்டம் கொஞ்சம் கொஞ்சமாகக் கரைந்தது. முன்பு நின்ற இடத்தைத் தாண்டினோம். வண்டிக்கு இருமல் வந்தது. அப்போது பின்னால் காலடிச் சத்தம் கேட்டது. அண்ணன், தம்பி, வண்டியிலிருந்து குதித்த கண்டக்டர், குழந்தையை வைத்திருந்தவளைத் தவிர மூன்று பெண்கள், எல்லாரும் வண்டியோடு ஓடி வந்து தோளை வைத்தார்கள். யாருடைய பலம் எவ்வளவு என்று சொல்ல முடியாது. நடக்கிற வேகத்துக்கும் குறைவாக, ஆனால் நிற்காமல், ஊர்ந்துகொண்டே மேலே வந்துவிட்டோம். உச்சியில் டிரைவர் பிரேக்கைத் தொடவில்லை. வண்டி தானாக ஓய்ந்து நிற்கும்வரை விட்டுவைத்தார். அது நின்ற நேரம் எதுவென்று எங்கள் யாருக்கும் தெரியவில்லை.

"நைனா?"

"இருக்கேன்."

"வெளிச்சம் கிளிச்சம்?"

"ஒண்ணும் வரல. வந்துட்டமா?"

மேல்மலையனூர்ப் பெண்கள் மூச்சு வாங்கிக்கொண்டே ஏறினார்கள். மூத்தவள் தூளிக்குள் எட்டி, நைனா கழுத்தில் கிடந்த மாதா டாலரைப் பார்த்தாள். "நாளைக்கி எங்க அங்காளம்மா கிட்ட ஒங்க கண்ணுக்குச் சொல்லி வெக்கறேன் பெரியவரே. ஒங்க மாதா கோவிச்சிக்குமா?"

"ரெண்டு பேரும் பொம்பளைங்க," என்றார் நைனா. "பேசி முடிச்சிக்குவாங்க."

செஞ்சி வரைக்கும் அவரைத் தூளியிலிருந்து இறக்கவில்லை. இரண்டு தூளிகளும் ஒன்றுக்குப் பின் ஒன்றாக ஆடின. வழியில் நைனா தூங்கிவிட்டார். ஆஸ்பத்திரியில் அத்தனை ராத்திரியும் தூங்காதவர். அவர் தலையை நான் விடவே இல்லை. கை மரத்துப் போனது. மாற்றிக்கொள்ளவா என்று குழந்தைக்காரி கேட்டாள், வேண்டாம் என்றேன். மலைகள் தெரியத் தொடங்கியபோதுகூட அவரை எழுப்பவில்லை. கட்டுப் போட்டிருப்பவரை எழுப்பி எதைக் காட்டுவது?

பஸ் ஸ்டாண்டில் ஜனங்கள் கூடி நின்று பார்த்தார்கள். அண்ணனும் தம்பியும் ஒரு மூங்கிலை வாங்கிவந்து, தூளியை அப்படியே அதில் மாட்டி, வீடு வரைக்கும் சுமந்து வந்தார்கள். கிடாயை நான் பிடித்துக்கொண்டு வந்தேன். பாயும் வந்தார். துணியை அவிழ்த்துப் பார்த்தபோது, முடிச்சு விழுந்த இடங்களில் கம்பித் துரு அறுத்திருந்தது. கரி வேறு அப்பியிருந்தது. இனி அதைச் சந்தையில் வைக்க முடியாது.

"எவ்ளோ ஆவும் பாய்?" என்று நைனா கேட்டார்.

"ஒம்போது ரூவாய்க்கி விப்பேன்," என்றார் பாய். "ஆனா இப்ப பேச்சு வாணாம். கட்டு அவுக்கட்டும். கண்ணு தெரிஞ்சா குடுங்க. தெரியலன்னா நான் இந்த வீட்டுப் பக்கம் துணி விக்க வந்ததே இல்லன்னு வெச்சிக்கலாம்."

கட்டு அவிழ்க்க வேண்டிய நாள் வரை நான் பட்ட பாட்டை எழுதினால் யாரும் படிக்க மாட்டார்கள். அந்தப் பளிச்சென்ற வெளிச்சம் என்னவென்று யோசித்து யோசித்து நான் சோற்றைத் தீய்த்தேன். நைனா குறை சொல்லாமல் சாப்பிட்டார். கம்பவுண்டர் வீட்டுக்கே வந்து, ஜன்னலைச் சாத்தி, கட்டைச் சுற்றிச் சுற்றி எடுத்தார். நைனா இமையைத் திறந்தார். நீர் வடிந்தது. எதிரே நின்று கையைக் காட்டச் சொன்னார் கம்பவுண்டர். காட்டினேன்.

"எத்தன விரலு பெரியவரே?"

நைனா தலையை முன்னால் நீட்டினார். பின்னால் இழுத்தார்.

"கைய நடுக்காம காட்டும்மா," என்றார். "எண்ண முடியல."

அப்புறம் தடிக் கண்ணாடி போட்டுக்கொண்டு நைனா தன் வரப்பில் தானே நடந்தார். அறுப்பு முடிந்ததும் வாரச்சந்தைக்குப் போய், துணிக்கடைகளின் நடுவே பாயைத் தேடிக் கண்டுபிடித்து மூன்று ரூபாய் கொடுத்தார். அதுவரைக்கும் நைனா அவர் முகத்தைப் பார்த்ததில்லை. குரலை வைத்துத்தான் அடையாளம் தெரிந்ததாம். பாய் இவ்வளவு உயரமான ஆள் என்று நீ சொல்லவே இல்லையே என்று என்னிடம் குறைப்பட்டுக்கொண்டார். கிறிஸ்துமஸுக்கு முன்னால் இன்னும் இரண்டரை ரூபாய் கொண்டுபோய்க் கொடுத்தார். அதற்கப்புறம் பாய் சந்தைக்கு வரவில்லை. ஆரணிப் பக்கம் குடி போய்விட்டார் என்றார் ஒருவர். வேலூர் என்றார் இன்னொருவர். ஆள் சேரும் இடத்துக்குத் துணி வியாபாரி வந்துதானே ஆகவேண்டும் என்று, மாதா கோயிலைத் தவிர வேறு வாசல் மிதிக்காத மனிதர், ஒவ்வோர் அமாவாசைக்கும் மேல்மலையனூருக்கு பஸ் ஏறினார். அந்தக் கூட்டத்தில் முகம் முகமாக, உயரமான ஆட்களை எல்லாம் நின்று நின்று பார்த்துவிட்டு வருவார். கண் இருந்தவரைக்கும் போனார். உயிர் இருந்தவரைக்கும் கண் இருந்தது. பாயை அவர் பார்க்கவில்லை. இப்போது பாயைப் பற்றி நான் விசாரித்துக்கொண்டிருக்கிறேன். பாய் இல்லாவிட்டாலும் அவர் பிள்ளைகள் எங்கேயாவது இருப்பார்கள். கொடுக்க வேண்டிய பாக்கி மூன்று ரூபாய் எட்டணா.